ஆள் எப்படி இருப்பார்

ஓமெய்ன் என்று எழுதியாகிவிட்டது. ஆண், ஆள், மனுஷன் எல்லாவற்றுக்கும் போர்ச்சுகீசில் அந்த ஒரே சொல்தான். இனி அதற்குப் பின்னால், எப்படிப்பட்ட ஆள் என்று எழுத வேண்டும். அங்கேதான் இன்னாசியின் பேனா கால்மணி நேரமாக நொண்டியடிக்கிறது. லிஸ்பனின் அந்தப் பெரிய ஆஸ்பத்திரியில், விசாரணை ஜன்னலுக்கு எதிரே வரிசையாகக் கிடக்கும் பிளாஸ்டிக் நாற்காலிகளில் ஒன்றில், மடியில் தாளும் கையில் அறுபத்தேழு என்று அச்சடித்த டோக்கனுமாக, பெரிய கதை எழுதுகிறவன் போல மூடியைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். ஜன்னலுக்குப் பின்னால் இருந்த அம்மாள் கறாராகச் சொல்லிவிட்டாள். "பேர் தெரியாத ஆள் ஒருத்தர் மேலே வார்டுல இருக்கார். செவ்வாய்க்கிழமை ராத்திரி ஆம்புலன்ஸ்ல வந்தார். அதுக்காக வந்து கேக்குற எல்லாருக்கும் திறந்து காட்ட முடியாது. உங்க ஆள் எப்படி இருப்பார்னு இதுல எழுதுங்க. ஒத்துப்போனா அனுப்புறேன்." ஒத்துப்போகாவிட்டால்? "போலீசுக்குப் போங்க." போலீசு! குடியிருப்புப் பேப்பர் எட்டு மாசமாக ஆபீசில் கிடக்கிறது, மூன்று பேருக்கான வீட்டில் பதினாலு பேர் படுத்துக்கொண்டிருக்கிறோம், இதில் தானாகப் போய் விலாசம் சொல்வதா? அதனால்தான் நேரே இங்கே வந்தான். காணாமல் போனவன் தில் பகதூர், நேபாளத்துக்காரன். அவனும் இன்னாசியும் ஒன்றரை வருஷமாக ஒரே கட்டிலில் படுக்கிறார்கள், ஆனால் ஒருநாளும் சேர்ந்து படுத்ததில்லை. இன்னாசிக்கு ரொட்டி பேக்டரியில் ராத்திரி வேலை, அதனால் பகலில் கட்டில் அவனுக்கு. தில் பகல் பூராவும் சைக்கிளில் சாப்பாட்டுப் பொட்டலம் கொண்டுபோய்க் கொடுக்கிறவன், ராத்திரிக் கட்டில் அவனுக்கு. செவ்வாய் ராத்திரியிலிருந்து தில் வரவில்லை. இன்றைக்கு வியாழன், மணி பன்னிரண்டு ஆகப்போகிறது.

பேர்ச்சொல்லுக்குப் பின்னால்தான் குணச்சொல் வரும் என்று இல்டா டீச்சர் சொல்லியிருக்கிறார்கள். சனிக்கிழமை சனிக்கிழமை நூலகத்தில் இலவச வகுப்பு, தூங்க வேண்டிய நேரத்தைத் திருடிக்கொண்டு போய் உட்காருவான். நாம் வெள்ளைச் சட்டை என்போம், இவர்கள் சட்டை வெள்ளை என்பார்கள். அதுவாவது பரவாயில்லை, அந்த வெள்ளை சும்மா இருக்காது. கமீசா பிராங்கா, சப்பாத்து பிராங்கு. சட்டை பெண்பால், அதனால் வெள்ளையும் பெண்பால். காலில் போடும் சப்பாத்து ஆண்பால், அதனால் வெள்ளையும் ஆண். சப்பாத்து ஒரு ஜோடி என்றால் வெள்ளையும் பன்மையாகிவிட வேண்டும். கல்யாண வீட்டில் மாப்பிள்ளைத் தோழன் மாப்பிள்ளை மாதிரியே கோட்டும் டையும் மாட்டிக்கொண்டு பின்னாலேயே போவானே, அதே கதைதான். நம்மூர் 'நல்ல' எவ்வளவு நல்லது! நல்ல ஆள், நல்ல பொம்பளை, நல்ல மாடு, நல்ல மழை, எதற்கு முன்னால் வேண்டுமானாலும் அதே அழுக்குச் சட்டையோடு வந்து நிற்கும், யாரும் கேட்க மாட்டார்கள். வகுப்பில் முதல் மாசம் இன்னாசிதான் ராஜா. டீச்சர் ஜனேலா என்றால் ஜன்னல், ஷாவ் என்றால் சாவி, மேசா என்றால் மேசை, அர்மாரியு என்றால் அலமாரி, எல்லாம் தூத்துக்குடியிலேயே தெரிந்த சாமான்கள். குடும்பப் பேர் மோத்தா என்று எழுதியதும் டீச்சர் கண்ணாடியைத் தூக்கிப் பார்த்து, இது எங்க ஊர்ப் பேராச்சே என்றார்கள். ஆமா டீச்சர், உங்க ஆட்கள் ஐந்நூறு வருஷத்துக்கு முன்னால் எங்க கடற்கரைக்கு வந்து கொடுத்துவிட்டுப் போனது, இப்போதுதான் திருப்பிக்கொண்டு வந்திருக்கிறேன் என்று சொல்ல நினைத்தான், சொல்லத்தான் பாஷை இல்லை. ரெண்டாவது மாசம் குணச்சொல் வந்தது, ராஜாவின் கிரீடம் கீழே விழுந்தது. உயரம், குட்டை, மெலிவு, சோகம், களைப்பு. ஒன்றுகூட ஊரில் கேட்ட சத்தமாக இல்லை. யோசித்துப் பார்த்தால் ஆச்சரியமாக இருந்தது. கப்பலில் சாவி வந்திருக்கிறது, மேசை வந்திருக்கிறது, பாதிரி வந்திருக்கிறார், ஆனால் எப்படிப்பட்ட மேசை, எப்படிப்பட்ட பாதிரி என்று சொல்ல ஒரு சொல்லாவது கரை இறங்கியதாக அவனுக்குத் தெரியவில்லை. அதையெல்லாம் இந்த நாற்பத்தோரு வயதில், ராத்திரி வேலை பார்த்த கண்ணோடு, ஒவ்வொன்றாக மனப்பாடம் பண்ண வேண்டியிருக்கிறது. இதுவரைக்கும் நாற்பது தேறும். நாற்பது சொல்லில் ஒரு ஆளைச் சொல்ல முடியாதா என்ன?

சரி, உயரத்திலிருந்து ஆரம்பிப்போம். ஆல்ட்டுவா பாய்ஷுவா, உயரமா குட்டையா? எழுதப்போனவன் கை நின்றுவிட்டது. தில் நின்று பார்த்திருக்கிறோமா? காலையில் ஏழு மணி வாக்கில் சாவி போட்டுக் கதவைத் திறந்தால் அவன் குனிந்து சப்பாத்துக் கயிறு கட்டிக்கொண்டிருப்பான். இல்லாவிட்டால் கட்டில் விளிம்பில் உட்கார்ந்து காலுறை மாட்டிக்கொண்டிருப்பான். ராத்திரியில் பெரும்பாலும் பார்க்கவே முடியாது, இன்னாசி ஒன்பதுக்குக் கிளம்பிவிடுவான், அவன் வர பதினொன்று ஆகும். அந்த அறைக்கு ஜன்னல் கிடையாது. வாசலுக்கு மேலே ஒரு மஞ்சள் பல்பு, மற்ற நாலு பேர் தூங்குவார்கள் என்று அதையும் பாதி நாள் போடுவதில்லை. குனிந்த முதுகு தெரியும், தலைமுடி தெரியும், எழுந்தால் ஜாக்கெட்டும் தொப்பியும் ஒரே இருட்டாக எதிரே வந்து விலகிப் போகும். ஆனால் மெத்தை தெரியும். அந்தப் பஞ்சு மெத்தையில் ரெண்டு பள்ளம் இருக்கிறது, ஒன்று இவனுடையது, இன்னொன்று அவனுடையது. குதிகால் அழுந்தும் இடம் இவனுக்குக் கீழே, அவனுக்கு அரைச் சாண் மேலே. அப்படியானால் ஆள் குட்டைதான்! பாய்ஷு. எழுதினான். சந்தோஷமாக இருந்தது, கணக்குப் பாடத்தில் விடை சரியாக வந்த மாதிரி. பள்ளம் ஆழமில்லை, அதனால் ஒல்லி, மாக்ரு. தலையணையில் காலையில் கிடக்கும் முடி கறுப்பு, குட்டை, சுருள் இல்லை, போன மாசம் ஒன்று வெள்ளையாக இருந்தது. இடது பக்கம் சாய்ந்து படுப்பான், ஏனென்றால் அந்தப் பக்கம் தலையணை எண்ணெய்ப் பிசுக்கு. கடுகெண்ணெய். முதல் மாசமெல்லாம் இன்னாசிக்கு அந்த வாசனை குமட்டும், துண்டை விரித்து அதன்மேல் தலை வைத்துப் படுப்பான். அப்புறம் துண்டு விரிக்க மறந்துபோனது எப்போது என்று தெரியவில்லை. கடுகெண்ணெய் வாசனைக்கு இந்த அம்மாள் ஊரில் குணச்சொல் உண்டா? உண்டென்றாலும் அந்த நாற்பதில் இல்லை. எழுதியதைப் படித்துப் பார்த்தான். ஆள், குட்டை, ஒல்லி, முடி கறுப்பு. இந்த ஊரில் சைக்கிள் மிதிக்கிற ஆசியாக்காரன் அத்தனை பேரும் இதுதான். நானே இதுதான், குட்டையைத் தவிர.

முகத்தை எழுது இன்னாசி, முகத்தை. கண்ணை மூடிக்கொண்டான். இதோ கதவு, இதோ மஞ்சள் பல்பு, இதோ குனிந்த தலை, இப்போது நிமிருவான். நிமிர்ந்தால் தொப்பிக்குக் கீழே ஒன்றும் இல்லை. மறுபடியும் முயன்றான், முகம் வந்தது, ஆனால் அது பேக்டரியில் மாவு தூக்கும் வங்காளத்துக்காரனின் முகம். சே. மூக்கு எப்படி, மீசை உண்டா இல்லையா? ஒன்றரை வருஷம்! சொந்த மச்சானோடுகூட இவ்வளவு நாள் ஒரே படுக்கையைப் பங்கு போட்டதில்லை. அவன் உடம்புச் சூடு ஆறுவதற்குள் அதில் படுத்துத் தூங்கியிருக்கிறேன், டிசம்பர் மாசத்துக் குளிரில் அந்தச் சூட்டுக்காகவே சீக்கிரம் வந்திருக்கிறேன், மீசை உண்டா என்று தெரியவில்லை. குரல் தெரியும். இவனுக்கு நேபாளி தெரியாது, அவனுக்குத் தமிழ் தெரியாது, இந்தி ரெண்டு பேருக்குமே தகராறு. ஆகக்கூடி வாசலில் தினமும் நடக்கும் பேச்சு ஒரே ஒரு போர்ச்சுகீசுச் சொல்தான். "கன்சாது?" என்பான் தில், களைப்பா என்று. "கன்சாது" என்பான் இவன். எதிர்ப்பட்டால் ராத்திரியும் அதே கேள்வி, அதே பதில், ஆள் மட்டும் மாறும். ஒன்றரை வருஷத்துப் பேச்சு வார்த்தை மொத்தமும் அவ்வளவுதான். செவ்வாய்க்கிழமை காலையில் அதற்கு மேலே ஒன்று நடந்தது. கன்சாது கன்சாது ஆன பிறகும் தில் போகவில்லை, கதவில் கை வைத்தபடி நின்றான், என்னமோ சொல்ல வாயெடுத்த மாதிரி இருந்தது. இன்னாசிக்குக் கண் சொருகிக்கொண்டு வந்தது. போர்வையை இழுத்து மூடிச் சுவர்ப் பக்கம் திரும்பிவிட்டான். கதவு சாத்தும் சத்தம் கொஞ்சம் கழித்துத்தான் கேட்டது. என்ன சொல்ல வந்தான்? ஒன்றுமில்லாமலும் இருக்கலாம், மழை வரும்போல என்று சொல்ல வந்திருக்கலாம். ஒரு நிமிஷம் எழுந்து உட்கார்ந்திருந்தால் முகமாவது தெரிந்திருக்கும். அதைவிடப் பெரிய பாவம் புதன்கிழமை செய்தது. வேலை முடிந்து வந்தால் கட்டில் காலி, படுக்கை ஜில்லென்று இருக்கிறது, ராத்திரி யாரும் படுக்கவில்லை. ஐயோ என்று பதறினானா? இல்லை. ஆகா என்று இருந்தது! எங்கேயோ டபுள் டூட்டி பார்க்கிறான் போல, இன்றைக்குக் கட்டில் முழுசும் நமக்கு என்று, நடுவில், ரெண்டு பள்ளத்துக்கும் குறுக்கே, கையைக் காலை அகட்டிக்கொண்டு சாயங்காலம் வரை தூங்கினான். கனவுகூட இல்லாத தூக்கம். எத்தனை மாசமாகிவிட்டது அப்படித் தூங்கி. மாதாவே, ஒரு முழு நாளைத் தூங்கித் தொலைத்தேனே.

போன் அதிர்ந்தது. பிரகாசி. தூத்துக்குடியில் மாலை அஞ்சரை இருக்கும், எண்ணெய்ச் சட்டி அடுப்பில் ஏறும் நேரத்தில் பெண்டாட்டி கூப்பிடுகிறாள் என்றால் மனசுக்கு என்னமோ பட்டிருக்கிறது. "என்னங்க, இந்நேரம் தூங்குவியளே, ஆன்லைன்ல பச்சை எரியுது. எங்க இருக்கிய? என்ன ஒரே சத்தமாக் கெடக்கு?" பொய் சொல்லத் தோன்றவில்லை. "ஆஸ்பத்திரியில." "ஐயோ சேசுவே, என்ன ஆச்சு உங்களுக்கு?" "எனக்கு ஒண்ணுமில்லட்டி. தெரிஞ்ச ஆளு ஒருத்தரை ரெண்டு நாளாக் காணும். இங்க இருக்காரான்னு பாக்க வந்தேன்." "யாரு, நம்ம பக்கத்துக்காரவுகளா?" "இல்ல, நேபாளம்." அந்தப் பக்கம் அடுப்பைத் தணிக்கும் சத்தம் கேட்டது. "நேபாளமா? அவுகளுக்கும் நமக்கும் என்னங்க? பேப்பர் வர்ற நேரத்துல ஆஸ்பத்திரி, போலீசுன்னு அலைஞ்சிக்கிட்டு. அவுகளுக்கு ஆளுக இல்லையா? உங்களுக்கு எப்படிப் பழக்கம்?" அவளுக்குத் தெரிந்த இன்னாசி தனி அறையில் இருக்கிறான், ஜன்னல் உள்ள அறை, ஜன்னலைத் திறந்தால் ஆறு தெரியும். வீடியோவில் பேசும்போதெல்லாம் மாடிப்படி ஜன்னலோரம் போய் நின்றுகொண்டுதான் பேசுவான், அவளும் பின்னால் தெரியும் ஆற்றைப் பார்த்துப் பார்த்துப் பூரித்துப் போவாள், அக்கம்பக்கத்தைக் கூப்பிட்டுக் காட்டுவாள். அந்தப் பொய்யான அறைக்குள் தில் பகதூரை எங்கே படுக்க வைப்பது? "பக்கத்து ரூம்" என்றான். "பக்கத்து ரூம்காரருக்கா இவ்வளவு? சரி சரி, சீக்கிரம் பாத்துட்டுப் போய்த் தூங்குங்க. சாப்ட்டியளா?" "ம்." "கண்ணு உள்ள போயிருக்கும், பாக்காமலே தெரியுது." போனை வைத்த பிறகும் அவள் குரல் காதிலேயே இருந்தது. ஊரில் சொல்ல முடியாது, பேக்டரியில் சொன்னால் சிரிப்பார்கள், வீட்டை வாடகைக்கு விட்டவனிடம் நேற்றுச் சொன்னதற்கு, வந்தால் வரட்டும், வராவிட்டால் சனிக்கிழமை அந்தப் பாதிக்கு வேறு ஆள் போடுகிறேன் என்றான். உலகத்தில் தில் பகதூரைக் காணோம் என்று தெரிந்தவன் நான் ஒருத்தன்தான். அந்த ஒருத்தனுக்கும் அவன் மூக்குத் தெரியவில்லை. எனக்கு இப்படி ஒன்று ஆனால் எவன் வந்து இந்த நாற்காலியில் உட்காருவான்?

ஜன்னலுக்கு மேலே டோக்கன் நம்பர் காட்டும் பெட்டியில் ஐம்பத்தொன்பது எரிந்தது. எதிரே ஒரு கிழவர் எக்ஸ்ரே உறையை மார்போடு அணைத்துக்கொண்டு தூங்கினார். எழுது. குணச்சொல் எல்லாம் பேருக்குப் பின்னால் என்றாலும் சிலது முன்னாலும் வரும், அப்போது அர்த்தமே வேறு என்றார்கள் டீச்சர். போப்ரெ பின்னால் வந்தால் காசில்லாத ஆள், முன்னால் வந்தால் பாவப்பட்ட ஆள். தில் எது? ரெண்டு பக்கமும் போட்டுவிடலாமா, அம்மாள் பைத்தியம் என்று நினைப்பாளா? த்ரீஷ்ட், சோகம், அது ஒன்றுதான் இவனுக்குப் பிடித்த சொல், ஆணுக்கும் பெண்ணுக்கும் மாறாது, யார் அழுதாலும் அதே உடுப்பு. அவன் சோகமான ஆளா? தெரியாது. அதிலும் ரெண்டு வகை வைத்திருக்கிறார்களே இந்தப் பாவிகள். பிறவிக் குணம் என்றால் எ, இப்போதைக்கு அப்படி என்றால் ஷ்டா. குட்டை என்பதற்கு எ, களைப்புக்கு ஷ்டா. இருக்கிறது, இப்போதைக்கு இருக்கிறது. இன்னாசிக்கு அது புரிந்துவிட்டது, நம்மூர்க்காரனுக்குப் புரியாதா, பசி ஷ்டா, பட்டினி எ. ஆனால் ஒருநாள் டீச்சர் பலகையில் எழுதினார்கள், ஷ்டா மோர்த்து, செத்திருக்கிறான். இன்னாசி கை தூக்கினான். டீச்சர், செத்தவன் செத்தவன்தானே, அது எப்படி இப்போதைக்கு? வகுப்பே சிரித்தது, டீச்சரும் சிரித்தார்கள், அது அப்படித்தான், வழக்கம் என்றார்கள். அன்றைக்கு அவனும் சேர்ந்து சிரித்தான். இப்போது அந்தச் சொல் பலகையிலிருந்து இறங்கி மடியில் வந்து உட்கார்ந்துகொண்டு எழுந்திருக்க மாட்டேன் என்கிறது. மேலே வார்டுல இருக்கார் என்றுதானே சொன்னாள்? வார்டு என்றால் உயிரோடு இருப்பவர்கள் இடம்தானே? செவ்வாய் ராத்திரி நல்ல மழை. மழையில் டிராம் தண்டவாளம் எண்ணெய் தடவின மாதிரி இருக்கும், சைக்கிள் சக்கரம் அந்த இடுக்கில் மாட்டினால் தூக்கி அடித்துவிடும் என்று அறையில் ஒருத்தன் சொல்லியிருக்கிறான். வேண்டாம், நினைக்காதே, எழுது. சப்பாத்தை எழுது! அதுதான் தெரியுமே, தினமும் குனிந்த முதுகோடு சேர்த்துப் பார்த்தது அதுதானே. ஒருநாள் இருட்டில் இன்னாசி தப்பாக அதில் காலை நுழைத்து, விரல் மடங்கி, வெளியே எடுத்திருக்கிறான். சப்பாத்து பழசு, வேல்யு. வலது சப்பாத்தில் அடிப்பாகம் பிரிந்து கறுப்பு டேப் ரெண்டு சுற்றுச் சுற்றியிருக்கும். காலுறை சாம்பல், வலது பெருவிரலில் ஓட்டை, வெள்ளை நூலால் தைத்தது, தையல் நன்றாக இருக்கும், சின்னச் சின்னதாக. டேப் பெண்பாலா ஆண்பாலா, கறுப்பு எந்த உடுப்பு போட வேண்டும்? எதையாவது போடு, டீச்சர் இங்கே இல்லை. எழுத எழுதக் கை வேகமானது. போர்வையை நாலாக மடிப்பான், ஓரங்கள் நேராக இருக்கும். இருமுவது வறட்டு இருமல். காலையில் சத்தம் போடாமல் எழுந்திருக்கிற ஆள். இதெல்லாம் அடையாளமா என்று யோசிக்கவில்லை, தாள் நிறைந்துவிட்டது.

அறுபத்தேழு எரிந்தபோது எழுந்த வேகத்தில் நாற்காலி கிறீச்சிட்டது. அம்மாள் தாளை வாங்கிக் கண்ணாடியை இறக்கிக்கொண்டு படித்தாள், உதடு அசைந்தது, ரெண்டு இடத்தில் புருவம் ஏறியது. "முகத்தைப் பத்தி ஒரு வார்த்தைகூட இல்லையே." "தெரியாதுங்க." "கூடவே இருக்கிறவர்னு சொன்னீங்க?" "ஆமா, ஒரே கட்டில்." அம்மாள் நிமிர்ந்து பார்த்த பார்வையில் அவனுக்குக் காது சூடேறியது. பதறிப்போய், தெரிந்த பாஷை எல்லாம் ஓடிப்போக, கையைத் தலைக்கு அணை கொடுத்துத் தூங்குவதுபோலக் காட்டினான். "நான் பகல். அவர் ராத்திரி. நான் வருவேன், அவர் போவார்." அம்மாள் தாளை மறுபடியும் மேலிருந்து கீழே படித்தாள், இந்த முறை மெதுவாக. போனை எடுத்து யாரிடமோ பேசினாள், காத்திருந்தாள். இன்னாசி ஜன்னல் விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றான், வாய்க்குள் அருள் நிறைந்த மரியாயே ஜெபம் பாதியில் நின்று நின்று முதலிலிருந்து ஓடியது. அம்மாள் போனைப் பொத்திக்கொண்டு கேட்டாள். "டேப் வலது காலுக்குத்தானே?" "வலது, வலது." "காலுறை தைச்சிருக்கா?" "வெள்ளை நூல்." அவள் போனை வைத்தாள். "மூணாவது மாடி, இடது பக்கம். உயிருக்கு ஒண்ணுமில்லை, பயப்படாதீங்க. படியிலே ஓடாதீங்க." அவன் ஓடினான்.

மூன்றாவது மாடியில் வார்டு முழுக்க வெளிச்சம். ஒரு பக்கச் சுவர் முழுசும் ஜன்னலாக இருந்தது, மத்தியான வெயில் ஆறு கட்டிலிலும் விழுந்து கிடந்தது. நர்ஸ் ஒரு குள்ளமான பெண், கடைசிக் கட்டிலுக்குக் கூட்டிப்போனாள். தலையில் கட்டு, ஒரு கண் வீங்கி மூடியிருந்தது, வலது கால் மாவுக்கட்டில் தூக்கி வைத்திருந்தது, ஆள் மருந்து மயக்கத்தில் தூங்கிக்கொண்டிருந்தான். காது பெரிய காது. மூக்குச் சப்பை, தாடையில் அம்மைத் தழும்பு மாதிரி ரெண்டு குழி. மீசை இருந்தது, மெல்லிசாக. நினைத்ததைவிட வயசானவன், என்னைவிட மூத்தவன்போல இருக்கிறானே! இன்னாசி குனிந்து பார்த்தான், தள்ளி நின்று பார்த்தான். இது யாரோ ஒரு மனுஷன். இந்த முகத்தை நான் பார்த்ததே இல்லை. "இவர்தானே?" என்றாள் நர்ஸ். இன்னாசி மறுபடியும் குனிந்து அந்த மீசையைப் பார்த்தான். நர்ஸ் ரெண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள். "ரெண்டு தடவை கண் முழிச்சார், என்னமோ சொன்னார், எங்களுக்குப் புரியலை. மழையில பர்ஸ் எங்கேயோ போயிருக்கு. போன் மட்டும் இருந்தது, செத்துக் கிடந்தது, காலையில என் சார்ஜர்ல போட்டேன். பூட்டு திறக்க முடியலை. உங்ககிட்ட அவர் நம்பர் இருக்கா? கூப்பிட்டுப் பாருங்களேன்." நம்பர் இருந்தது. நேற்றுச் சாயங்காலத்திலிருந்து அணைத்து வைக்கப்பட்டுள்ளது என்று சொன்ன அதே நம்பர். போனில் தேடி எடுத்தான். கட்டிலைப் பங்கு பேசிய நாளில் பதிந்தது, 'பெட் நேபாளி' என்று இருந்தது. மனுஷனுக்கு ஒரு பேர் இருக்கிறது, அதைத் திருத்தி எழுத ஒன்றரை வருஷத்தில் ஒரு நிமிஷம் கிடைக்கவில்லை. நர்ஸ் பார்த்துவிடக் கூடாது என்று திரையைக் கையால் மறைத்துக்கொண்டு அழுத்தினான். காதில் மணி அடித்தது. அடித்ததும், கட்டிலுக்குப் பக்கத்தில் இருந்த சின்ன மேசைமேல் ஒரு போன் தடதடவென்று நடுங்கத் தொடங்கியது. அவன்தான், அவனேதான். நர்ஸ் அதை எடுத்து, கீறல் விழுந்த திரையைப் பார்த்தாள், முகம் மலர்ந்தது, அவன் பக்கம் திருப்பிக் காட்டினாள். கூப்பிடுவது யார் என்று தில் பகதூர் ஆங்கில எழுத்தில் பதிந்து வைத்திருந்தான். காசா. வீடு.

"ஓ, வீட்டிலிருந்தா?" என்றாள் நர்ஸ். "முதல்லயே சொல்லக் கூடாதா? ரெண்டு நாளா யாருமே வரலையேன்னு எங்களுக்கே கஷ்டமா இருந்தது." இன்னாசி போனைக் காதிலிருந்து எடுக்கவில்லை, அழைப்பையும் துண்டிக்கவில்லை. அவள் கையில் அது நடுங்கிக்கொண்டே இருந்தது. அழுகை வந்தது, துடைத்துக்கொள்ளவும் தோன்றவில்லை. நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தான்.

"ஆமாங்க" என்றான். "வீட்டிலிருந்துதான் வர்றேன்."